அறிந்தவன் கடன்

2024ஆம் ஆண்டு ஜூன் மாத இறுதியில் டாக்டர் சைட் ஹுசின் அலி மறைந்தார். அப்போது அவருக்கு வயது 87. ஜித்ராவில் என் வீட்டு முன்கூடத்தில் வாரம் ஒருநாள் கூடிப் படிக்கும் ஆறாம் படிவ மாணவர் சிலர் உண்டு. அவர்களுக்கு அச்செய்தியைப் படித்துக் காட்டினேன். ஒருவரும் அவர் பெயரைக் கேள்விப்பட்டிருக்கவில்லை. அதற்காக அவர்களைக் குறை சொல்வதற்கில்லை. நம் பாடநூல்களில் அப்பெயர் இடம்பெற்றதாக எனக்கும் நினைவில்லை. ஆகவே அவர் வாழ்க்கையை எனக்குத் தெரிந்தவரை எடுத்துரைத்தேன். கேட்டு முடித்ததும் ஒரு மாணவன் எழுந்து வினவினான்:

“ஐயா, இவர் பேராசிரியர். ஆறாண்டு தடுப்புக் காவலில் கிடந்தார். பிறகு ஒரு சிறு கட்சிக்குத் தலைவரானார். தேர்தலிலும் பெரிதாக ஒன்றும் வெல்லவில்லை. பல்கலைக்கழகத்திலேயே இருந்திருந்தால் இன்னும் பத்து நூல்கள் எழுதியிருப்பாரே? அரசியலுக்குப் போய் என்ன கண்டார்?”

கேள்வியில் குறும்பு இல்லை. அவன் உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்பினான். அவன் தந்தையும் அரசியலை விட்டு விலகியிருக்கவே அவனுக்குச் சொல்லி வருகிறார் என்பதை நான் அறிவேன். ஆசிரியர்களாகிய நாமும் அதையேதான் சொல்லி வருகிறோம். “படிக்கிற பிள்ளைக்கு அரசியல் எதற்கு?” என்ற அறிவுரை நம் பள்ளிகளில் ஏறத்தாழ ஒரு பாடம்போலவே ஆகிவிட்டது. அன்று அவனுக்கு நேரான விடை சொல்ல எனக்கு இயலவில்லை. பல நாள் எண்ணிப் பார்த்தபின் இப்போது எழுதுகிறேன்.

நம் கெடாவைப் பற்றிப் பேசும்போது தமிழர் எடுத்த எடுப்பில் கடாரம் என்பர். சோழர் படையையும் பூஜாங் பள்ளத்தாக்கையும் கூறுவர். பெருமைக்குரிய செய்திகளே. ஆனால் இன்று உலகச் சமூகவியலில் கெடாவின் பெயர் விளங்குவது நெல்வயலால். ஜேம்ஸ் ஸ்காட் என்னும் அமெரிக்க அறிஞர் 1978 முதல் 1980 வரை மூடா சமவெளியில் ஒரு சிற்றூரில் குடியிருந்தார். அறுவடை இயந்திரங்கள் வந்தபின் ஏழை உழவர் வேலையிழந்ததையும், வெளிப்படையாக எதிர்க்க இயலாத அவர்கள் மறைமுகமாக எவ்வாறு எதிர்த்தனர் என்பதையும் கண்டு 1985இல் நூலாக வெளியிட்டார். உலகெங்கும் அந்நூல் பயிலப்படுகிறது. அவரும் 2024ஆம் ஆண்டிலேயே காலமானார்.

ஸ்காட்டுக்குப் பல ஆண்டுகள் முன்னரே கெடா வயல்வெளிக்கு ஆராய வந்தவர் சைட் ஹுசின் அலி. 1936இல் ஜொகூர் மாநிலத்துப் பத்து பகாட்டில் பிறந்தவர். மலாயாப் பல்கலைக்கழகத்தில் பயின்று அங்கேயே ஆசிரியரானார். இலண்டன் பொருளியற் கல்லூரியில் முனைவர் பட்டம் பெற்றார். ஜொகூரில் பாகான், பகாங்கில் கெர்டாவ், கெடாவில் கங்கோங் என மூன்று மலாய்ச் சிற்றூர்களை எடுத்துக்கொண்டு, அங்கே யார் தலைவராகிறார், எதனால் ஆகிறார் என்று ஆராய்ந்தார். அவ்வாய்வு 1975இல் நூலாக வந்தபோது ஆசிரியர் காவலில் இருந்தார்.

அவர் கண்டது என்ன? நகரத்தார் எண்ணுவதுபோலக் கம்பம் என்பது ஒரே குடும்பமாகக் கூடி வாழும் இடம் அன்று. அங்கும் நிலம் உடையவன் உண்டு, இல்லாதவன் உண்டு. கடன் கொடுப்பவன் உண்டு, வாங்கித் தாழ்பவன் உண்டு. தலைமை பெரும்பாலும் நிலத்தின் பின்னாலும் பதவியின் பின்னாலும் போயிற்று. கெடாவில் ‘பாடி குஞ்சா’ என்றொரு வழக்கம் இருந்தது. கதிர் முற்றும் முன்பே விளைச்சலைக் குறைந்த விலைக்குப் பேசிக் கடன் வாங்குவது அது. அறுவடை நாளில் நெல் களத்திலிருந்தே கடன்காரனிடம் போய்விடும்; உழவன் அடுத்த பருவத்துக்கு மீண்டும் கடன் வாங்குவான். இதைப் படிக்கும்போது நம் பாட்டன்மார் காலத்துக் கங்காணிக் கடன் நினைவுக்கு வராத தமிழர் இருக்க முடியாது. கப்பல் ஏறும் முன்பே தொடங்கிய கடன் அது. 1910இல் ஒப்பந்தக் கூலி முறை ஒழிக்கப்பட்ட பின்னும், 1938இல் இந்திய அரசு கூலியாட்களை அனுப்புவதை நிறுத்திய பின்னும் அதன் நிழல் தோட்டங்களை விட்டு எளிதில் நீங்கவில்லை.

இங்கே ஒரு வேறுபாட்டைக் குறித்தாக வேண்டும். வறுமைக்குக் காரணம் வறியவனின் குணமே என்று கூறுவது ஆள்வோர்க்கு எப்போதும் எளிதாக இருந்திருக்கிறது. மலாய்க்காரன் சோம்பேறி, சீனன் பேராசைக்காரன், தமிழன் சொன்னதைச் செய்பவன் என்று வெள்ளைத் துரைமார் எழுதி வைத்துப் போனார்கள். இந்தப் பொய்யை ஆராய்ந்தவர் மற்றொரு பெருஞ் சமூகவியலாளரான சைட் ஹுசேன் அலாத்தாஸ். சோம்பேறிப் பழங்குடி என்னும் கட்டுக்கதையைப் பற்றி 1977இல் அவர் வெளியிட்ட நூல் புகழ்பெற்றது. மலாய்க்காரர் வயலிலும் கடலிலும் உழைத்தனர்; துரையின் தோட்டத்தில் துரை சொன்ன கூலிக்கு உழைக்க மறுத்தனர்; அம்மறுப்புக்கே சோம்பல் என்று பெயரிட்டார்கள் என்று அவர் காட்டினார். அந்த மறுப்பால் ஏற்பட்ட இடத்தை நிரப்பவே நம் முன்னோர் கொண்டுவரப்பட்டனர் என்பதை நாம் சேர்த்துக்கொள்ளலாம். ஒருவனைச் சோம்பேறி என்றதும் மற்றொருவனைப் பணிவானவன் என்றதும் ஒரே கணக்குப் புத்தகத்தின் இரு பக்கங்கள். அந்தப் ‘பணிவான’ தமிழர்தாம் 1946, 1947ஆம் ஆண்டுகளில் இதே கெடாவில், பீடோங் வட்டாரத்துத் தோட்டங்களில் தொண்டர் படை அமைத்துக் கள்ளுக்கடைகளுக்கு எதிராக அணிவகுத்தனர் என்பது நம் பிள்ளைகளுக்குச் சொல்லப்படுவதில்லை.

அலாத்தாசும் அரசியலுக்கு வந்தவரே. 1968இல் கெராக்கான் கட்சியைத் தோற்றுவித்தவர்களுள் ஒருவர். பின்னர் அதிலிருந்து விலகி 1972இல் பெக்கெமாஸ் கட்சியைக் கண்டார். அக்கட்சி நிலைக்கவில்லை. 1987ஆம் ஆண்டுக் கைதுகளில் காவலுக்குப் போன குவா கியா சூங்கும் சமூகவியல் பயின்றவர். 1990இல் மக்களவை உறுப்பினரானார். ஆகவே இந்நாட்டில் சமூகவியலுக்கும் அரசியலுக்கும் இடையே உள்ள வேலி அத்துணை உயரமானதன்று. இருவருள்ளும் நான் சைட் ஹுசின் அலியைத் தேர்ந்துகொண்டதற்குக் காரணம் பாலிங்.

1974ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ரப்பர் விலை உயர்ந்திருந்தது. பிற்பகுதியில் சரிந்தது. அதே வேளையில் அரிசி, சர்க்கரை முதலிய பண்டங்களின் விலையோ ஏறிக்கொண்டே போயிற்று. நவம்பர் மாதம் கெடாவின் தென்கிழக்கில் உள்ள பாலிங்கில் சிறு ரப்பர்த் தோட்டக்காரர்கள் ஆயிரக்கணக்கில் திரண்டனர். டிசம்பர் 3ஆம் நாள் கோலாலம்பூரில் பல்கலைக்கழக மாணவர்கள் அவர்களுக்காகக் கூடினர். ஆயிரத்துக்கு மேற்பட்ட மாணவர் கைதாயினர். அடுத்த சில நாள்களில் மாணவர் தலைவர்களும் சில விரிவுரையாளர்களும் உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ்ப் பிடிக்கப்பட்டனர். அவர்களுள் ஒருவர் சைட் ஹுசின் அலி. விசாரணையின்றியே அவர் 1980 வரை அடைத்து வைக்கப்பட்டார்.

அப்போது எனக்கு வயது 14. ஜித்ராவுக்குக் கிழக்கே ஒரு தோட்டத்தில் லயத்து வீட்டில் இருந்தோம். அப்பா பால்மரம் சீவினார். எங்கள் தோட்டத்து எல்லைக்கு அப்பால் ஒரு மலாய்க் கம்பம். அங்கே நான்கு ஏக்கர் வைத்திருந்த ஒருவரை நாங்கள் பாக்சிக் என்று அழைப்போம். அவரும் விடியுமுன் மரம் சீவினார், அப்பாவும் சீவினார். அவர் வீட்டு வேலியில் ரப்பர்த் தகடுகள் துணிபோலக் காய்ந்துகொண்டிருக்கும். மழை பெய்தால் இரு வீட்டிலும் அடுப்பு மந்தமாகும். விலை விழுந்தால் அவர் கடையில் கடன் சொல்வார். எங்கள் வீட்டிலும் கறிக்குழம்பு நின்றுபோகும். பாலிங் செய்தி வானொலியில் வந்த நாளில் லயத்துத் திண்ணையில் பெரியவர்கள் பேசிக்கொண்டதை நான் கேட்டேன். “அது மலாய்க்காரன் விவகாரம். நாம ஏன் வாய வைக்கணும்?” என்றார் ஒருவர். மற்றவர்கள் தலையசைத்தனர். அப்பா ஒன்றும் சொல்லவில்லை. ஒரே மரம், ஒரே பால், ஒரே விலை. எனினும் அது வேறு யாருடைய விவகாரமோ ஆகிவிட்டது.

சைட் ஹுசின் அலி வாழ்நாள் முழுவதும் எதிர்த்து வாதாடியது இந்தத் திண்ணைப் பேச்சைத்தான். அது தமிழ்த் திண்ணையிலும் இருந்தது, மலாய்த் திண்ணையிலும் இருந்தது. மலாய் உழவனின் வறுமைக்குக் காரணம் அவன் இரத்தத்திலோ சமயத்திலோ இல்லை, நிலவுடைமையிலும் சுரண்டலிலும் இருக்கிறது என்று அவர் எழுதினார். கிளந்தானில் நிலமின்மையை ஆராய்ந்து ஒரு நூல் செய்தார். மலாய்க்காரரின் சிக்கல்களைப் பற்றிய மற்றொரு நூல் 1981இல் ஆங்கிலத்தில் வந்தது. மலாய்க்காரரின் பின்தங்கிய நிலைக்கு மரபுக்கூறும் ஒரு காரணம் என்று 1970இல் வெளிவந்த ‘மலாய்க்காரரின் இக்கட்டு’ என்னும் நூலில் டாக்டர் மகாதீர் முகமது எழுதியிருந்தார். அக்கருத்துக்கு நேர் எதிர்நிலையில் நின்றவர் இவர். ஏழை மலாய்க்காரனும் ஏழைத் தமிழனும் ஏழைச் சீனனும் ஒருவரை ஒருவர் அஞ்சும்படி செய்யப்பட்டிருக்கிறார்கள் என்பது அவர் கொண்ட முடிவு.

இனி மாணவனின் கேள்விக்கு வருவோம். இவற்றையெல்லாம் நூலில் எழுதினால் போதாதா? களத்தில் இறங்க வேண்டுமா?

இக்கேள்வியை ஆழமாக எண்ணியவர் ஜெர்மானியச் சமூகவியலாளர் மாக்ஸ் வேபர். 1917இல் அறிவியலைப் பற்றியும் 1919இல் அரசியலைப் பற்றியும் மியூனிக் நகர மாணவர்முன் அவர் ஆற்றிய இரு சொற்பொழிவுகள் இன்றும் பயிலத்தக்கன. வகுப்பறை மேடையில் நின்று ஆசிரியர் தம் கட்சியைப் பரப்பலாகாது, ஏனெனில் மாணவர் அங்கே மறுத்துப் பேச இயலாது என்றார் அவர். நல்லாசிரியரின் முதற்பணி, மாணவர் தம் கட்சிக்கு ஒவ்வாத உண்மைகளையும் ஒப்புக்கொள்ளப் பழக்குவதே என்றும் கூறினார். இவ்வாறு கூறியவர் 1918இல் ஒரு புதுக் கட்சியைத் தோற்றுவித்தவர்களுள் ஒருவராகவும் இருந்தார் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். அறிஞன் அரசியலுக்குப் போகக் கூடாது என்று அவர் சொல்லவில்லை. இரண்டையும் ஒன்றோடொன்று குழப்பக் கூடாது என்றார்.

எனக்கு இவ்விடையில் நிறைவு இல்லை. அறிவு ஒரு சட்டை, அரசியல் மற்றொரு சட்டை; இடத்துக்கேற்ப மாற்றிக்கொள்ளலாம் என்பதுபோல அது தோன்றுகிறது. மனிதன் ஒருவனே அல்லவா? சட்டைகள் இரண்டும் கழற்றப்பட்ட ஓரிடத்தில் அவன் எப்படி நிற்கிறான் என்று பார்க்க வேண்டும். சைட் ஹுசின் அலியின் வாழ்வில் அப்படி ஓரிடம் உண்டு.

காவலின் இடையே ஒருமுறை அவரைக் கமுந்திங் முகாமிலிருந்து மீண்டும் விசாரணைக்குக் கொண்டுபோனார்கள். பின்னாளில் தம் சிறை நினைவுகளை எழுதிய நூலில் அதை அவரே கூறியுள்ளார். அடித்தார்கள், துன்புறுத்தினார்கள். அவரிடமிருந்து அவர்கள் எதிர்பார்த்தது ஒரு வாக்குமூலம். தலைமறைவுக் கம்யூனிஸ்டுகளுக்கும் அம்னோவின் இரு தலைவர்களுக்கும் இடையே தாம் தூதராக இருந்ததாக அவர் ஒப்புக்கொள்ள வேண்டும். அவ்விருவர் டாக்டர் மகாதீர் முகமதுவும் மூசா ஹீத்தாமும் ஆவர். அவர் மறுத்துவிட்டார்.

இதைச் சற்று நின்று எண்ண வேண்டும். டாக்டர் மகாதீர் அவருடைய நண்பர் அல்லர், தோழர் அல்லர். நம் ஜித்ரா அடங்கிய குபாங் பாசு தொகுதியின் உறுப்பினராக 1974 முதல் இருந்தவர். இவரைக் காவலில் வைத்த அரசின் அமைச்சர். மலாய்க்காரரைப் பற்றி அவர் எழுதியது இவருக்கு உடன்பாடன்று. இவர் கையெழுத்திட்டிருந்தால் வீழ்ந்திருக்கக் கூடியவர் இவருடைய கருத்துப் பகைவர். உலக வழக்கப்படி பார்த்தால் இவர் இழப்பதற்கு ஒன்றுமில்லை, பெறுவதற்கு விடுதலை இருந்தது. 1981இல் மகாதீர் பிரதமரானார். 1987இல் அதே சட்டத்தின்கீழ் நூற்றுக்கு மேற்பட்டோர் காவலில் வைக்கப்பட்டனர். இவற்றையெல்லாம் முன்கூட்டியே அறிந்திருந்தாலும் இவர் கையெழுத்திட்டிருக்க மாட்டார் என்றே நான் நம்புகிறேன். காரணம் எளிது. அப்படி ஒன்று நடக்கவில்லை.

இதில் ஒரு பெரும் வீரத்தைக் காண்போர் காணட்டும். நான் காண்பது கங்கோங் கம்பத்தில் வீடு வீடாகச் சென்று, யாரிடம் எத்தனை ரெலோங் நிலம் என்று கேட்டு எழுதிக்கொண்ட ஒருவரின் பழக்கத்தை. காணாததை எழுதலாகாது என்பது ஆய்வாளனின் முதல் பாடம். வேண்டாதவனைப் பற்றியும் காணாததை எழுதலாகாது. அந்தப் பாடம் தாளில் மட்டும் படிந்திருந்தால் அடி விழுந்ததும் உதிர்ந்திருக்கும்.

இவ்வளவு உறுதியாக நான் எழுதுவதற்கு ஒரு காரணம் உண்டு. அதை மறைத்துவிட்டு இக்கட்டுரையை முடிப்பது முறையாகாது.

1980களின் முற்பகுதியில் நான் ஒரு தோட்டப் பள்ளியில் இளம் ஆசிரியனாகப் பணியேற்றேன். என் வகுப்புப் பதிவேட்டில் 38 பெயர்கள். நாள்தோறும் வந்தவர் 29 பேர், சில நாள் 27 பேர். வராத பிள்ளைகளை நான் அறிவேன். ஒருத்தி கைக்குழந்தையான தம்பியைப் பார்த்துக்கொண்டாள். இருவர் தாயோடு ஒட்டுப்பால் எடுக்கப் போயினர். ஒருவன் மாடு மேய்த்தான். முதல் மாத இறுதியில் தலைமையாசிரியர் என்னைத் தனியே அழைத்தார். அன்பான மனிதர், அப்பள்ளிக்காகத் தம் கைப்பணத்தைச் செலவழித்தவர். “தம்பி, எண்ணிக்கை குறைந்தால் ஓர் ஆசிரியரை எடுத்துவிடுவார்கள். நட்டம் வருகிற பிள்ளைகளுக்குத்தான். வந்ததாகப் போட்டுவிடுங்கள்” என்றார். நான் தயங்கியதைப் பார்த்து, வாய்மை அதிகாரத்தை நினைவூட்டினார். குற்றமற்ற நன்மை தருமானால் பொய்யும் வாய்மையின் இடத்தில் வைக்கத்தக்கது என்று வள்ளுவரே இடம் தந்திருக்கிறாரே என்றார். தமிழாசிரியனாகிய நான் வள்ளுவரை எதிர்த்து என்ன சொல்வேன்? வந்ததாகவே போட்டேன். அவ்வாண்டு ஆசிரியர் குறையவில்லை. நன்மைதான்.

இரண்டாண்டு கழித்து ஓர் இளைஞர் வந்தார். பல்கலைக்கழக ஆய்வுக்காகத் தோட்டத்துப் பிள்ளைகள் ஏன் பாதியில் படிப்பை நிறுத்துகிறார்கள் என்று விவரம் சேர்ப்பவர். பள்ளித் தாழ்வாரத்தில் ஒரு மேசை போட்டு அமர்ந்து என் பதிவேடுகளைப் பக்கம் பக்கமாகப் பார்த்துப் படியெடுத்துக்கொண்டார். வருகை மிக நன்றாக இருப்பதாகக் கூறி மகிழ்ந்தார். நான் அவருக்குத் தேநீர் வாங்கிக் கொடுத்தேன். வாயால் ஒரு பொய்யும் சொல்லவில்லை. அவர் போன மோட்டார் சைக்கிளின் புழுதி அடங்கும்வரை நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். தம்பியைச் சுமந்த பெண்ணும் ஒட்டுப்பால் பொறுக்கிய சிறுவரும் அவருடைய கணக்கில் பள்ளிக்கு வந்துகொண்டிருந்தார்கள்.

வள்ளுவர் சொன்னதில் பிழை இல்லை. குற்றம் தீர்ந்த நன்மை என்றல்லவா சொன்னார்? தீர்ந்ததா இல்லையா என்பது பொய் எழுதும் நாளில் எழுதுகிறவனுக்குத் தெரிவதில்லை என்பதே தொல்லை. என்னுடைய பொய்யின் குற்றம் இரண்டாண்டு கழித்து மோட்டார் சைக்கிளில் வந்தது. ஒரு சமூகத்தின் துயரத்தைக் குறைக்க வேண்டுமானால் முதலில் அதை எண்ண வேண்டும். எண்ணிக்கையை நாமே அழித்துவிட்டு, நம்மைக் கவனிப்பாரில்லை என்று மேடைதோறும் புலம்புகிறோம்.

அரசியல்வாதியின் தொழிலிலோ இத்தகைய ‘நல்ல பொய்கள்’ நாள்தோறும் வாயிற்கதவைத் தட்டும். நம் இனத்தின் ஒற்றுமைக்காக இதைச் சொல்லாதே, நம் கட்சியின் வெற்றிக்காக அதைச் சற்றுப் பெருக்கிச் சொல் என்று வேண்டும். எனவேதான் அறிஞன் அங்கே போகக் கூடாது என்பது என் மாணவனின் தந்தை கருத்து. எனவேதான் சிலராவது போக வேண்டும் என்பது என் கருத்து. உண்மையை எண்ணிப் பழகிய கை ஒன்றும் அங்கே இல்லையென்றால் யார் சொல்வது கணக்காகும்?

சைட் ஹுசின் அலியின் பிற்கால அரசியலைச் சுருக்கமாகவே சொல்லலாம். விடுதலையானதும் மலாயாப் பல்கலைக்கழகத்துக்குத் திரும்பினார். 1990இல் அதை விட்டு நீங்கி, ‘பார்ட்டி ரக்யாட் மலேசியா’ என்னும் மக்கள் கட்சியின் தலைமையை ஏற்றார். 2003இல் அக்கட்சி கெஅடிலானுடன் இணைந்தது. இணைந்த கட்சிக்கு 2010 வரை துணைத்தலைவராக இருந்தார். 2009 முதல் 2015 வரை மேலவை உறுப்பினர். அவரைச் சிறைவைத்த சட்டம் 2012இல் நீக்கப்பட்டபோது அவர் அம்மேலவையில் அமர்ந்திருந்தார். தம் கட்சிக்குள்ளும் தலைமையோடு மாறுபட்ட கருத்துகளை அவர் வெளிப்படையாகக் கூறியதுண்டு. பெரிய கட்சியில் கரைந்தது சரியா என்று அவருடைய பழைய தோழர் சிலர் வருந்தினர். அவ்வருத்தத்திலும் பொருள் உண்டு. சிறு கட்சிக்குரிய கூர்மை பெரிய கூட்டணியில் மழுங்கவே செய்யும். ஆயினும் இனங்களைப் பிரித்துக் கட்சி கட்டுவதே வழக்கமாகிப்போன நாட்டில், ஒரு மலாய் அறிஞர் அறுபதாண்டுக் காலம் அவ்வழக்கத்துக்கு இணங்காமல் இருந்தார் என்பதை நான் சிறிதாக எண்ணவில்லை.

அவர்மீது எனக்கும் ஒரு குறை உண்டு. அவருடைய ஆய்வு நூல்களைப் படிக்கும் தமிழன், தன் பாட்டன் வாழ்ந்த லயத்தை அவற்றில் தேடினால் ஏமாற்றமே அடைவான். அவர் ஆராய்ந்தது மலாய்க் கம்பம். ஏழ்மை எல்லா இனத்துக்கும் பொது என்று கூறியவர், ரப்பர் மரத்தின் மறுபக்கத்தில் நின்ற எங்களையும் வீடு வீடாக வந்து எண்ணியிருந்தால் அவருடைய வாதம் இன்னும் வலுப்பெற்றிருக்கும். தோட்டத்துத் தமிழனுக்குக் கம்பத்து உழவனுக்கு இல்லாத ஓர் இழப்பும் இருந்தது. அவன் குடியிருந்த வீடே அவனுடையதன்று; வேலை போன அன்று வீடும் போயிற்று. இதை வர்க்கம் என்ற ஒரு சொல்லுக்குள் அடக்கிவிட முடியாது.

ஆனால் இக்குறையை அவரிடம் மட்டும் எப்படிச் சுமத்துவது? எங்களை எண்ணியிருக்க வேண்டியவர்கள் நாங்கள்தாமே. எண்ணுவதற்கு வந்த ஒருவரிடம் நான் என்ன கொடுத்தனுப்பினேன் என்பதை மேலே சொல்லிவிட்டேன்.

இதை அந்த மாணவர்களிடமும் சொன்னேன். கேட்டவன்தான் மீண்டும் கேட்டான்: “அந்த ஆய்வாளருக்குப் பிறகாவது எழுதினீர்களா, ஐயா?” இல்லை என்றேன். முகவரி அப்போது என்னிடம் இருந்தது. இருந்தும் எழுதவில்லை. அவன் மேற்கொண்டு ஒன்றும் கேட்கவில்லை.

சில வாரம் கழித்து ஒரு பயிற்சிப் புத்தகத்தோடு வந்தான். அவன் பாட்டி வாழ்ந்த தோட்டம் பல ஆண்டுகளுக்கு முன்பே விற்கப்பட்டு இன்று வீடமைப்புப் பகுதியாகிவிட்டது. பாட்டியிடம் கேட்டு, லயம் லயமாக அங்கிருந்த குடும்பங்களை எழுதியிருந்தான். மொத்தம் 64 குடும்பங்கள். யார் எங்கே போனார்கள், இப்போது என்ன வேலை, பிள்ளைகள் எதுவரை படித்தார்கள் என்று கட்டம் போட்டிருந்தான். பாட்டிக்கு இருவர்மேல் பழைய கோபம் உண்டாம். அவர்களைப் பற்றி அவர் சொன்னதை வேறு இருவரிடம் விசாரித்தபின் திருத்தியிருந்தான். 19 குடும்பங்களுக்கு எதிரே ‘தெரியவில்லை’ என்று இருந்தது. அவற்றுள் மூன்று கூலிம் பக்கம் இருப்பதாகக் கேள்வி, பள்ளி விடுமுறையில் போய்ப் பார்க்கப் போகிறேன் என்றான். பேருந்துக் கட்டணத்துக்கு வைத்துக்கொள் என்று கொஞ்சம் வெள்ளி கொடுத்தேன். வாங்கிக்கொண்டு, புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் அதையும் எழுதிக்கொண்டான்.